பெயருக்குத் தீட்டு, பேனாவுக்கு இல்லையாம்!

1957ஆம் ஆண்டு ஆஸ்கார் விழா. 'தி பிரேவ் ஒன்' படத்தின் மூலக்கதைக்குப் பரிசு. 'ராபர்ட் ரிச்' என்று மேடையில் பெயர் படித்தனர். அவர் வரவில்லை. எப்படி வருவார்? அப்படியோர் எழுத்தாளரே இல்லை! எழுதியவர் டால்ட்டன் டிரம்போ. எழுத்து இருந்தது, பரிசு இருந்தது; பெயர் மட்டும் புதைகுழியில் இருந்தது. புதைத்தவர் யார்?

1947 அக்டோபரில், அமெரிக்க விரோதச் செயல்களை ஆராய்வதாகக் கூறிக்கொண்ட நாடாளுமன்றக் குழு, நீர் பொதுவுடைமைக் கட்சியினரா என்று அவரை வினவிற்று. அவர் அக்கட்சியில் இருந்தவர்தாம். அது சட்டப்படி குற்றமன்று. எனினும் விடையளிக்க மறுத்தார். உள்ளத்தைத் துருவ உமக்கு உரிமையில்லை என்பதே அவர் வாதம். மறுத்தோர் பதின்மர். அடுத்த மாதமே பட முதலாளிகள் அவர்களுக்குக் கதவடைத்தனர். 1950இல் சிறைக் கதவு திறந்தது!

விசாரித்த தலைவர் பார்னல் தாமஸ் எங்கே போனார்? பொய்ச் சம்பளக் கணக்கெழுதி அரசுப் பணத்தைச் சுருட்டியதற்காக அவரும் சிறை சென்றார். பதின்மரில் இருவர் அடைபட்டிருந்த அதே சிறை! நாட்டுப்பற்றின் இலட்சணம் இது.

"பணம் போடுபவர் முதலாளி, வேண்டாதவரை விலக்க அவருக்கு உரிமையில்லையா?" என்பர் சிலர். நாம் கேட்கிறோம்: விலக்கினார்களா? முன்வாசலில் விரட்டிய அதே பேனாவைப் புழக்கடையில் அடிமாட்டு விலைக்கு வாங்கினார்களே! 1953இல் வந்த 'ரோமன் ஹாலிடே' டிரம்போவின் கதை. பரிசோ பெயர் கொடுத்து உதவிய நண்பருக்குப் போயிற்று. அவர் எழுத்து நாட்டுக்கு நஞ்சு என்றால், அதைக் கோடிக்கணக்கானோருக்கு ஊட்டியவர் யார்? நஞ்சன்று என்றால், அவரைப் பட்டினி போட்டது ஏன்? கொள்கைக்கு அஞ்சியவர்கள் அல்லர் அவர்கள். கூலி குறைந்ததில் குளிர்காய்ந்தவர்கள்!

எழுத்தாளருக்காவது இரவல் பெயர் கிடைத்தது. பட்டியலில் வீழ்ந்த நடிகர் இரவல் முகத்துக்கு எங்கே போவார்?

1960இல் 'ஸ்பார்ட்டகஸ்', 'எக்சோடஸ்' படங்களில் டிரம்போவின் பெயர் மீண்டும் திரையேறிற்று. சட்டம் திருந்தியதால் அன்று. அவர் பெயரைப் போட இருவர் துணிந்ததால். 'ரோமன் ஹாலிடே' பரிசு 1993இல் வந்தது. அவரோ 1976இலேயே மறைந்துவிட்டார்.

இளைஞர்களே, கருத்தைக் கருத்தால் வெல்ல வக்கற்றவர்களே பட்டியல் எழுதுகிறார்கள். அப்பட்டியல் எந்த நாட்டில், எந்தக் கட்சியின் பெயரால் வந்தாலும், அதற்குப் பயந்து ஒதுங்கும் ஒவ்வொருவரும் அதில் கையெழுத்திட்டவரே. துணிந்த இருவர் 1947இலேயே இருந்திருந்தால், பதின்மூன்று ஆண்டுகள் வீணாகியிருக்குமா?