ஐக்கிய இராச்சியத்தில் வீட்டுச் சூடாக்கம்: வெப்ப எக்கியும் கொதிகலனும்

வெப்ப எக்கி என்பது எதையும் எரிக்காமல், வெளியே உள்ள காற்றிலிருந்தோ நிலத்திலிருந்தோ வெப்பத்தைத் திரட்டி வீட்டினுள் சேர்க்கும் மின்கருவி ஆகும். பேச்சுவழக்கில் பொய்லர் எனப்படும் எரிவாயுக் கொதிகலனுக்குப் பதிலாக இதனை வீடுகளில் நிறுவுவதை ஐக்கிய இராச்சிய அரசு ஊக்குவித்து வருகிறது. ஆயினும் அந்நாட்டில் இம்மாற்றம் மெதுவாகவே நடைபெறுகின்றது. நாட்டின் குளிரும் கருவியின் குறையும் இதற்குக் காரணங்கள் எனப் பரவலாகக் கூறப்படுகின்றன. அவற்றைவிட மின்சாரத்துக்கும் எரிவாயுவுக்கும் இடையேயுள்ள விலை விகிதமே பெரிய தடை என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

செயற்படும் விதம்

கொதிகலன் எரிவாயுவை எரித்து நீரைச் சூடாக்குகிறது. அந்நீர் குழாய்கள் வழியே அறைகளிலுள்ள ரேடியேட்டர்களுக்குச் செல்கிறது. உலை என்பது நீருக்குப் பதில் காற்றைச் சூடாக்கி, பெருங்குழாய்கள் வழியே அறைகளுக்குள் ஊதும் கருவி. கனடாவிலும் ஐக்கிய அமெரிக்காவிலும் இதுவே மிகுதி. ரொறன்ரோவில் வாழும் தமிழர் பலருக்கு வீட்டின் நிலவறையில் இருக்கும் உலை நன்கு பழக்கமானது. கொதிகலன், உலை ஆகிய இரண்டிலும் எரிபொருளில் அடங்கியுள்ள ஆற்றலுக்கு மேல் வெப்பம் பெற இயலாது. புதிய கொதிகலன்கள் ஏறத்தாழ 90 விழுக்காட்டு வினைத்திறன் கொண்டவை.

வெப்ப எக்கி வெப்பத்தை உண்டாக்குவதில்லை, இடம் மாற்றுகிறது. தாழ்விலுள்ள நீரை மேட்டுக்கு எக்குவது போல, குளிர்ந்த இடத்திலுள்ள வெப்பத்தைச் சூடான இடத்துக்கு ஏற்றுகிறது. குளிர்பதனப் பெட்டியின் பின்புறம் சூடாக இருப்பதும் இதே வினையால் தான். உறைநிலைக்குக் கீழே உள்ள காற்றிலும் வெப்பம் உண்டு. அக்காற்றைவிடக் குளிர்ந்த பாய்மம் ஒன்றை அதன் நடுவே செலுத்தினால், பாய்மம் வெப்பத்தை ஏற்று ஆவியாகும். அமுக்கி அவ்வாவியை அழுத்தும்போது அதன் வெப்பநிலை உயர்கிறது. பின்னர் ஆவி மீண்டும் நீர்மமாக மாறும் இடத்தில் அவ்வெப்பம் வீட்டின் நீருக்குக் கைமாறுகிறது.

இம்முறையில் 1 அலகு மின்சாரத்தைக் கொண்டு 3 அலகு வெப்பம் பெறலாம். இதனை 300 விழுக்காட்டு வினைத்திறன் என விளம்பரங்கள் குறிப்பிடுவதுண்டு. 2 அலகுகள் வெளிக்காற்றிலிருந்து வந்தவை என்பதால் ஆற்றல் அழிவின்மை விதி இங்கு மீறப்படவில்லை. இப்பெருக்கம் நிலையானதும் அன்று. வெளி வெப்பநிலைக்கும் ரேடியேட்டர் நீரின் வெப்பநிலைக்கும் இடையே உள்ள இடைவெளி கூடும்தோறும் அது குறையும். 35 °C நீர் போதுமான வீட்டில் 4ஐத் தொடும் கருவி, 55 °C நீர் தேவைப்படும் வீட்டில் 2.5 அளவுக்கு இறங்கலாம். ஆகவே ஆண்டு முழுவதற்குமான சராசரியே பொருளுள்ள அளவாகும். அரசின் நிதியுதவியுடன் 742 வீடுகளில் நடத்தப்பட்ட சோதனைத் திட்டத்தில், காற்றிலிருந்து வெப்பம் பெறும் எக்கிகளின் நடு மதிப்பு ஏறத்தாழ 2.8 ஆக இருந்தது.

எரிவாயு வேரூன்றிய வரலாறு

வெப்ப எக்கி புதுமையான கருத்து அன்று. பின்னாளில் கெல்வின் பிரபு என அறியப்பட்ட வில்லியம் தாம்சன் 1852இலேயே இக்கொள்கையை விளக்கினார். 1945இல் நோரிச் நகரில் ஜோன் சம்னர் என்னும் பொறியாளர் ஒரு பெரிய எக்கியை அமைத்தார். 1951இல் திறக்கப்பட்ட இலண்டன் ரோயல் ஃபெஸ்டிவல் மண்டபத்துக்குத் தேம்சு ஆற்று நீரிலிருந்து வெப்பம் எடுக்கும் எக்கி அமைக்கப்பட்டது. ஆனால் அக்காலத்தில் மின்சாரம் பெரும்பாலும் நிலக்கரியிலிருந்தே கிடைத்தது. 3 அலகுக்கும் மேற்பட்ட நிலக்கரி ஆற்றலைச் செலவிட்டு 1 அலகு மின்சாரம் பெற்று, அதைக்கொண்டு 3 அலகு வெப்பம் பெறுவதில் பெரிய மிச்சம் எதுவும் இருக்கவில்லை.

1965இல் வட கடலில் இயற்கை எரிவாயு கண்டுபிடிக்கப்பட்டதும் நிலைமை முடிவாகிவிட்டது. 1967 முதல் 1977 வரை, நிலக்கரியிலிருந்து பெற்ற வளியைப் பயன்படுத்திவந்த கோடிக்கும் மேற்பட்ட வீடுகளின் அடுப்புகளும் சூடேற்றிகளும் வீடு வீடாகச் சென்று இயற்கை எரிவாயுவுக்கு மாற்றப்பட்டன. பத்தே ஆண்டுகளில் ஒரு நாடு முழுவதன் எரிபொருளும் மாற்றப்பட்டதற்கு இது சான்று. இன்றைய மாற்றம் இயலாதது என வாதிடுவோர் இதனைப் பெரும்பாலும் மறந்துவிடுகின்றனர். ஆயினும் அன்று வீட்டுக்காரர் அதற்கெனப் பணம் செலுத்த வேண்டியிருக்கவில்லை என்பதும் குறிப்பிடத்தக்கது. இதன் விளைவாக இன்று இரண்டு கோடிக்கும் மேற்பட்ட வீடுகள் எரிவாயுக் கொதிகலன்களால் சூடாக்கப்படுகின்றன.

விலைக் கணக்கு

2024 அக்டோபர் முதல் டிசம்பர் வரையான காலாண்டில், பெரிய பிரித்தானியாவின் விலை உச்சவரம்பின்படி 1 அலகு மின்சாரம் 24.50 பென்ஸ், 1 அலகு எரிவாயு 6.24 பென்ஸ். அதாவது மின்சாரம் எரிவாயுவைப் போல் ஏறத்தாழ 4 மடங்கு விலை.

ஆண்டுக்கு 10,000 அலகு வெப்பம் தேவைப்படும் வீடு ஒன்றை எடுத்துக்கொள்வோம். 90 விழுக்காட்டு வினைத்திறனுள்ள கொதிகலனுக்கு இவ்விலையில் ஆண்டுச் செலவு ஏறத்தாழ 693 பவுண். சராசரி 2.8 கொண்ட வெப்ப எக்கிக்கு 875 பவுண். சராசரி 3.5 ஆனால் 700 பவுண். 4 ஆனால் 613 பவுண். சமையலையும் மின்சாரத்துக்கு மாற்றி எரிவாயு இணைப்பையே துண்டித்துவிட்டால், ஆண்டுக்கு 100 பவுணுக்குச் சற்றுக் கூடுதலான நிலைக்கட்டணம் மிச்சமாகும். கொதிகலனும் தாளில் எழுதியபடி இயங்குவதில்லை. புகையிலுள்ள நீராவி குளிர்ந்து நீராகும்போது வெளிவிடும் வெப்பத்தையும் கவர்ந்துகொள்வதாலேயே அதற்கு 90 விழுக்காடு கிட்டுகிறது. அதற்கு வீட்டைச் சுற்றித் திரும்பி வரும் நீர் 55 °Cக்குக் கீழே இருத்தல் வேண்டும். பல வீடுகளில் 70 அல்லது 80 °Cக்கு முடுக்கிவிடப்பட்ட கொதிகலன் இந்த நன்மையை இழந்தே ஓடுகிறது. இவை எல்லாவற்றையும் கூட்டிக் கழித்தாலும், எரிபொருளை மூன்றில் ஒரு பங்காகக் குறைக்கும் கருவி கட்டணத்தைக் குறைப்பதில்லை என்பதே நடுத்தர வீட்டின் நிலை.

மின்சாரத்தின் விலை இவ்வளவு உயர்ந்திருப்பதற்கு இயற்கை விதி எதுவும் காரணம் அன்று. மொத்தச் சந்தையில் பெரும்பாலான நேரம் எரிவாயு மின்நிலையங்களே விலையைத் தீர்மானிக்கின்றன. அத்துடன் காற்றாலை, சூரிய மின்சாரம் போன்றவற்றை ஊக்குவிக்க விதிக்கப்பட்ட கொள்கைக் கட்டணங்கள் எரிவாயுவின் மீதன்றி மின்சாரத்தின் மீதே பெரிதும் சுமத்தப்பட்டன. தூய மின்சாரத்தை வளர்ப்பதற்கான செலவே மக்கள் அதனைப் பயன்படுத்துவதற்குத் தடையாயிற்று.

கரியமில வாயுக் கணக்கோ முற்றிலும் வேறு. எரிவாயுக் கொதிகலன் 1 அலகு வெப்பத்துக்கு ஏறத்தாழ 200 கிராம் வெளியிடுகிறது. பிரித்தானிய மின்சாரத்தின் 2024ஆம் ஆண்டு அளவைக் கொண்டு பார்த்தால் வெப்ப எக்கிக்கு இது 50 கிராமுக்கும் குறைவு. அவ்வாண்டு செப்டம்பர் 30 அன்று நாட்டின் கடைசி நிலக்கரி மின்நிலையமும் மூடப்பட்டது.

குளிர் தடையா?

ஐரோப்பாவில் மக்கள்தொகைக்கு ஏற்ப வெப்ப எக்கிகள் மிகுந்துள்ள நாடுகள் நோர்வே, சுவீடன், பின்லாந்து ஆகியன. இவை பிரித்தானியாவைவிட மிகவும் குளிரானவை. நோர்வேயில் நீர்மின்சாரம் மலிவு. வீடுகளுக்கான எரிவாயு வலையமைப்பு மிகச் சிறிது. சுவீடன் 1970களின் எண்ணெய் நெருக்கடிக்குப் பின் எண்ணெயைக் கைவிட முனைந்து, 1991இல் கரிம வரியும் விதித்தது.

கட்டடங்களின் இடையூறு உண்மையானது, ஆனால் மிகைப்படுத்தப்படுவது. பழைய செங்கல் வீடுகளில் வெப்பம் விரைவில் கசிகிறது. குறைந்த சூட்டில் ஓடும் எக்கிக்குப் பெரிய ரேடியேட்டர்கள் வேண்டும். சுடுநீரை உடனுக்குடன் தரும் கொதிகலன்கள் வந்தபின் சுடுநீர்த் தொட்டியை அகற்றி அவ்விடத்தை அலமாரி ஆக்கிக்கொண்ட வீடுகள் பல. தொட்டி மீண்டும் வரவேண்டும். கூரையடுக்கு மாடிகளில் வெளிப்பெட்டியை வைக்க இடமில்லை. காற்றுக்குழாய் உள்ள வட அமெரிக்க வீடுகளில் இம்மாற்றம் எளிது: கோடைக்கான குளிரூட்டி பழுதாகும்போது, இருபுறமும் இயங்கும் எக்கியை அதன் இடத்தில் வைத்துவிடலாம், கடுங்குளிருக்கு உலையையும் விட்டுவைக்கலாம்.

அரசின் கொள்கை

2028க்குள் ஆண்டுக்கு 6 இலட்சம் எக்கிகள் என்னும் இலக்கு 2020இல் அறிவிக்கப்பட்டது. 2024இல் விற்பனை ஒரு இலட்சத்தை நெருங்கியது. இங்கிலாந்திலும் வேல்சிலும் 2022இல் தொடங்கிய மானியம் முதலில் 5,000 பவுணாக இருந்து 2023 அக்டோபரில் 7,500 ஆக உயர்ந்தது. கொதிகலன்களிலேயே ஐதரசனை எரிக்கலாம் என்னும் மாற்றுத் திட்டம் பலரைக் காத்திருக்க வைத்தது. விட்பி, ரெட்கார் ஆகிய இடங்களில் திட்டமிட்ட ஊர்ச் சோதனைகள் 2023இல் கைவிடப்பட்டன. மின்சாரத்தால் ஐதரசன் உண்டாக்கி அதை எரிப்பதற்கு, எக்கிக்கு வேண்டியதைப் போல் ஏறத்தாழ ஐந்து மடங்கு மின்சாரம் வேண்டும்.

மானியம் வாங்கும் விலையைக் குறைக்கிறது. மாதக் கட்டணத்தை அன்று. அதனைத் தொட்ட நடவடிக்கை 2025 நவம்பர் வரவுசெலவுத் திட்டத்தில் தான் வந்தது: மின்கட்டணத்தில் சேர்க்கப்பட்டிருந்த பழைய புதுப்பிக்கத்தக்க ஆற்றல் கட்டணத்தின் வீட்டுப் பங்கில் 75 விழுக்காட்டை, 2026 ஏப்ரல் முதல் மூன்று ஆண்டுகளுக்குப் பொது வரி வருவாயிலிருந்து செலுத்துவதாக அரசு அறிவித்தது. மேலே கண்ட நடுத்தர எக்கி 90 விழுக்காட்டுக் கொதிகலனுக்கு ஈடாக ஓடவேண்டுமானால் விலை விகிதம் 3.1 ஆக இறங்க வேண்டும்.