கயவாகுவும் கஜபாகுவும்

அண்மையில் நம் சங்கக் கலந்துரையாடல் ஒன்றில் நண்பர் ஒருவர் ஆவேசத்துடன் வினவினார்: "அவர்கள் தம் போர்க்கப்பல்களுக்குக் கஜபாகு, விஜயபாகு, பராக்கிரமபாகு எனப் பெயர் சூட்டி மகிழ்கின்றனர். நம் மன்னன் பெயர் தாங்கிய கப்பல் ஒன்றேனும் இந்நாட்டில் உண்டா?" கரவொலி எழுந்தது. கைதட்டியவருள் நானும் ஒருவன். வத்தேகம நோக்கிச் சென்ற மாத்தளைப் புகைவண்டியிலேதான் அதற்காக நாணினேன்.

வினாவே பிழையானது என்பது என் கட்சி.

இன்று இலங்கைக் கடற்படையிலுள்ள 'கஜபாகு' 2019இல் அப்பெயர் பெற்றது. அதற்குமுன் அது ஐக்கிய அமெரிக்கக் கரையோரக் காவற்படையின் 'ஷேர்மன்'. வியட்நாம் போரில் எதிரிக் கலமொன்றை மூழ்கடித்தது. ஜோன் ஷேர்மனோ படைத்தலைவர் அல்லர். நிதித்துறைச் செயலாளராக இருந்தவர்! 1959இல் வாங்கப்பெற்ற பழைய கஜபாகுவின் கதையும் இதுவே. இரண்டாம் உலகப் போரில் அது கனடாவின் 'ஹலோவெல்'. பின்னர் இஸ்ரேலின் 'மிஸ்னாக்'. வர்ணம் பூசுபவன் எழுதியதே இரும்புக்குப் பெயர். இதற்காகவா நாம் ஏங்குவது?

கஜபாகு யார்? கி.பி. இரண்டாம் நூற்றாண்டினன். மகாவம்சம் அவனுடைய விகாரைகளையும் குளங்களையும் கூறுகிறதேயன்றிச் சோழநாட்டுப் படையெடுப்பைக் கூறவில்லை. பல நூற்றாண்டுகள் கழிந்து எழுந்த இராஜாவலியவே, சோழன் முன்பு கொண்டுசென்ற பன்னீராயிரவரை மீட்டதோடு மேலும் பன்னீராயிரவரைச் சிறைபிடித்து வந்தான் என்கிறது. அச்சிறைகளைக் கண்டிப் பகுதிகளிலும் குடியேற்றினான் என்பது மரபு. அம்மரபை மெய்யெனக் கொள்வார், தம் கிராமத்தவர் பலரின் முன்னோர் சோழநாட்டார் என்பதையும் உடன் கொள்ளவேண்டும். வெற்றியை மட்டும் எடுத்துக்கொண்டு சிறைகளை மறப்பது என்ன நியாயம்?

நம் சிலப்பதிகாரமோ அவனைக் கயவாகு என்னும் பெயரில் வேறு கோலத்திற் காட்டுகிறது. சேரன் செங்குட்டுவன் கண்ணகிக்குக் கோயில் எடுத்தபோது வந்திருந்த விருந்தினன் அவன். ஒரு பெண்ணின் கண்ணீர்முன் நின்ற மன்னன்! பீரங்கி பூட்டியவர்கள் தேர்ந்தது இந்தக் கயவாகுவை அன்று.

நாமும் தூயவர் அல்லேம். அக்கோயிலுக்குரிய கல்லையே கனகவிசயர் தலைமேல் ஏற்றிக் கொணர்ந்ததாகப் பாடிப் பெருமை கொள்கிறோம். ஊர்களை எரித்த படையெடுப்புகளை மெய்க்கீர்த்திகளிற் சுவைத்துப் படிக்கிறோம். எரிந்தவை எவருடைய வீடுகள் என்று கேட்பதில்லை.

நண்பரின் குறை தீர ஒன்று சொல்வேன். காரைநகரிலுள்ள கடற்படைத் தளத்தின் பெயர் 'எலார', அதாவது எல்லாளன். எல்லாளன் நினைவிடத்துக்கு மரியாதை செய்யுமாறு துட்டகைமுனுவே பணித்ததாக மகாவம்சம் கூறும். அப்பண்பு போற்றற்குரியதே. ஆயினும் தளத்துக்கு அப்பெயர் இட்டதால் காரைநகர் மீனவன் ஒருவனின் வலையிலேனும் ஒரு மீன் கூடுதலாக விழுந்ததா?

கண்டிப் பெரஹராவின் தோற்றத்தையும் மரபு கஜபாகுவோடு இணைக்கிறது. அதன் இறுதியில் வருவது பத்தினி தேவாலய ஊர்வலம். பெண்கள் ஆடிவருவது அதிலேதான். அப்பத்தினி நம் கண்ணகியே. ஆண்டுதோறும் ஆடி, ஆவணியில், நம் பல்கலைக்கழகத்திலிருந்து சில மைல் தொலைவில் அவள் வீதியுலா வருகிறாள். கப்பற்பெயர் கேட்டு முழங்கிய நம்முள் எத்தனைபேர் அவ்வீதியோரம் சென்று நின்றிருக்கிறோம்?