கட்டிய பணம் எவருடையது?

வெங்காயத் தறையை ஈடு வைத்து, மனைவியின் தாலிக்கொடியை அடைவு வைத்து, மகனைக் கொழும்பிலே தனியார் கல்லூரியொன்றிற் சேர்க்கிறான் யாழ்ப்பாணத்துக் கமக்காரன். மூன்றாம் வாரத்திலே, அது தனக்கேற்ற படிப்பன்று என்று பையன் உணர்கிறான். அல்லது அரச பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்துவிடுகிறது. விலகுவதாக எழுதிக் கொடுக்கிறான். கட்டிய பணம் எக்காரணங் கொண்டும் மீளாது என்ற அச்சடித்த வரியைக் கல்லூரி காட்டுகிறது. அத்துடன் நில்லாது, மிகுதித் தவணைகளையும் கட்டினாலன்றி மூலச் சான்றிதழ்களைத் தரமுடியாது என்றுங் கூறுகிறது.

1945இல் இலவசக் கல்வி வந்த நாட்டிலே இந்நிலை ஏன்? தகுதி பெற்ற மாணவர் அனைவருக்கும் அரச பல்கலைக்கழகங்களில் இடமில்லை. எழுபதுகளிலே தரப்படுத்தலின் கொடுமையைக் கண்ட எம்மவர்க்கு இதை விரித்துரைக்க வேண்டுவதில்லை. தனியார் கல்லூரிகள் கூடா என்பதன்று எமது வாதம். கல்வியை விற்பவன் வாணிபத்தின் நேர்மைக்காவது கட்டுப்பட வேண்டாமா என்பதே எமது கேள்வி.

சட்டம் என்ன சொல்கிறது? மாணவன் தன் சொந்தக் காரணத்தால் விலகினால், அவன் ஒப்பமிட்ட ஒப்பந்தத்துக்கு வலுவுண்டு. இதை மறைத்து வாசகர்க்கு வீண் நம்பிக்கை ஊட்ட நாம் விரும்பவில்லை. வாசிக்காமல் ஒப்பமிட்டேன் என்பது பொதுவாக நீதிமன்றிற் செல்லாது. 1989ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி பராய வயது 21 அன்று, 18. ஆகவே உயர்தரப் பரீட்சை எழுதி வந்த பத்தொன்பது வயதுப் பையனின் ஒப்பம் அவனைக் கட்டும். பிணையாளியாகத் தகப்பன் இட்ட ஒப்பம் தகப்பனையுங் கட்டும். அவ்வொப்பந்தமோ பெரும்பாலும் ஆங்கிலத்தில்! தமிழும் அரச கரும மொழி என்று அரசியலமைப்புக் கூறுவது அரசைக் கட்டுப்படுத்துமேயன்றிக் கல்லூரி முதலாளியை அன்று.

ஆயினும் அந்த ஒரு வரி வேதவாக்கன்று. வாக்களித்த பாடநெறியை நடத்தாமல், வேறொன்றைத் தலையிற் கட்டும் கல்லூரியே ஒப்பந்தத்தை முறித்ததாகும். தானே அச்சிட்ட நியதியைக் காட்டி அது நியாயமின்றித் தப்புவதைத் தடுக்கவே 1997ஆம் ஆண்டின் 26ஆம் இலக்க நேர்மையற்ற ஒப்பந்த நியதிகள் சட்டம் இருக்கிறது. இல்லாத அங்கீகாரத்தை உண்டென விளம்பரஞ் செய்து மாணவரைச் சேர்த்திருந்தால், 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையிடம் முறையிடலாம். மூன்று மாதத்துள், எழுத்தில் முறையிடுதல் வேண்டும். நாளை பார்ப்போம் என்றிருந்து உரிமையை இழப்பது நம்மவரின் பழைய வியாதி.

மிகுதித் தவணைகளைப் பற்றியும் ஒரு சொல். இழப்பீடு கேட்பவன் தனக்கு நேர்ந்த நட்டத்தைக் காட்டவேண்டும். பையன் விட்ட இடத்திலே மறுவாரம் வேறொருவனைச் சேர்த்துப் பணம் பெற்ற கல்லூரிக்கு நட்டம் எங்கே வந்தது? சான்றிதழோ மாணவனின் உடைமை. கல்லூரி அதன்மேல் ஒரு சதமேனும் செலவிடவில்லை. அதைப் பிடித்து வைக்க என்ன உரித்து? சேரும்போது மூலத்தைக் காட்டிப் பிரதியை மட்டும் கொடுப்பதே புத்தி. கொடுத்துவிட்டவர்கள், உறுதி செய்யப்பட்ட பெறுபேற்றைப் பரீட்சைத் திணைக்களத்திற் பெறலாம்.

விலகுவோர் வாய்ச்சொல்லை நம்பாது பதிவுத் தபாலிற் கடிதம் அனுப்புக, பற்றுச்சீட்டுகளைப் பேணுக. சிறு தொகைப் பிணக்குகளுக்கு மத்தியஸ்த சபை உண்டு. அங்கே சட்டத்தரணிக்குக் கூலி கொடுக்க வேண்டியதில்லை. எழுத்து ஒப்பந்தத்தின் மீது வழக்கிட ஆறாண்டு அவகாசமும் உண்டு.

இந்தியாவிலே பல்கலைக்கழக மானியக் குழு 2018இல் நாட்கணக்கு வகுத்தது. அனுமதியின் இறுதி நாளுக்குப் பதினைந்து நாள் முன்னரோ அதற்கும் முந்தியோ விலகினால், சிறு கழிவு போக முழுப் பணம், அதன்பின், இறுதி நாள் வரை நூற்றுக்குத் தொண்ணூறு, இறுதி நாள் கழிந்து பதினைந்து நாளுக்குள் எண்பது, முப்பது நாளுக்குள் ஐம்பது, அப்பால் ஒன்றுமில்லை. மூலச் சான்றிதழைப் பிடித்து வைத்தலும் அங்கே விலக்கப்பட்டது. இது கல்லூரியையும் மாணவனையும் ஒருங்கே மதிக்கும் ஏற்பாடு.

இத்தகைய அட்டவணையை இலங்கையிலும் சட்டமாக்குமாறும், சேர்க்கை ஒப்பந்தங்களைத் தமிழிலும் சிங்களத்திலும் தருவதைக் கட்டாயமாக்குமாறும் நம் பாராளுமன்றப் பிரதிநிதிகள் பிரேரணை கொண்டுவருவார்களா? அடுத்த உயர்தரப் பரீட்சைப் பெறுபேறு வெளிவருமுன் அவர்கள் இதற்கு விடையளித்தல் வேண்டும்.