சந்தா சமம், சலுகை மட்டும் குறைவா?



நம்ம வகுப்பில் நிறைய பேர் வீட்டில் யாராவது ஒருத்தர் டேனரிக்கோ ஷூ கம்பெனிக்கோ போறவங்கதான். எங்க அம்மா அப்பர் தைக்கிறாங்க. போன வருஷம் அப்பாவுக்கு ஆபரேஷன் நடந்தப்போ அம்மாவோட இ.எஸ்.ஐ. கார்டுதான் எங்களைக் கடனில் விழாமல் காப்பாத்துச்சு.

அது யாரும் போட்ட தர்மம் இல்லை. தொழிலாளியின் சம்பளத்தில் நூற்றுக்கு 75 காசு பிடிக்கிறாங்க, கம்பெனி 3 ரூபாய் 25 காசு கட்டுது. 12,000 ரூபாய் சம்பளம் என்றால் மாசம் 90 ரூபாய்.

சரி, அம்மாவுக்குப் பக்கத்து மெஷினில் ஒரு அக்கா உட்கார்ந்திருக்காங்க என்று வைத்துக்கொள்வோம். அவங்களோட வாழ்க்கைத் துணையும் ஒரு பெண். அந்த அக்காவுக்கும் அதே 90 ரூபாய்தான் பிடிப்பாங்க. ஆனால் துணைக்கு உடம்பு சரியில்லை என்றால் கார்டு செல்லாது! ஏன்? கணவன் அல்லது மனைவி, பிள்ளைகள், சார்ந்திருக்கும் பெற்றோர் என்றுதான் குடும்பத்தைச் சட்டம் எண்ணுது. பி.எஃப். நாமினி பாரத்திலும் குடும்பம் என்றால் ஏறக்குறைய இதே கணக்குதான்.

"அப்படிப்பட்டவங்க நம்ம பக்கம் யார் இருக்கா?" என்று சிரிக்காதீங்க. 2025 மே 22 அன்று சென்னை உயர் நீதிமன்றம் ஒரு ஆட்கொணர்வு மனுவில் தீர்ப்பு சொன்னது. எதிர்த்தரப்பு யார் தெரியுமா? நம்ம பக்கத்து வேலூர் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர்! 25 வயதுப் பெண்ணை வீட்டார் அடைத்து வைத்திருந்தாங்க, அவரை மீட்கக் கேட்டு வந்தவர் அவருடைய தோழி. நீதிபதிகள் ஜி.ஆர்.சுவாமிநாதனும் வி.லட்சுமிநாராயணனும் அந்தப் பெண்ணை அவர் விருப்பப்படி போக விட்டாங்க. குடும்பம் அமைக்கக் கல்யாணம் ஒன்றே வழி அல்ல என்றும் சொன்னாங்க.

அதற்கு முன், 2023 அக்டோபர் 17 அன்று உச்ச நீதிமன்றம் ஒருபால் திருமணத்தை அங்கீகரிக்க மறுத்தது உண்மைதான். ஆனால் இப்படி வாழ்பவர்களுக்கு என்னென்ன உரிமைகள் தரலாம் என்று மத்திய அரசின் குழு ஆராயும் என்றும் அதே தீர்ப்பில் இருக்கு. 2024 ஆகஸ்டில், இவங்க கூட்டு வங்கிக் கணக்கு தொடங்கவும் துணையை நாமினியாகப் போடவும் தடையில்லை என்று நிதி அமைச்சகம் தெளிவுபடுத்தியது. ரேஷன் கார்டில் ஒரே வீடாக எண்ணச் சொல்லி மாநிலங்களுக்கும் கடிதம் போனது.

"நம்ம பண்பாட்டுக்கு ஒத்து வருமா?" என்று சிலர் கேட்பாங்க. கல்யாணத்தைப் பற்றிப் பெரியவங்க எவ்வளவு வேண்டுமானாலும் விவாதிக்கட்டும். நான் கேட்பது கல்யாண மண்டபம் இல்லை, ஆஸ்பத்திரி வரிசையில் ஒரு இடம். ரேஷன் அரிசிக்கு ஒரே வீடு, மருந்து மாத்திரைக்கு மட்டும் இரண்டு வீடா? இ.எஸ்.ஐ., பி.எஃப். பாரங்களில் 'துணை' என்று ஒரு வரி சேர்த்தால் போதும்.

எங்க அம்மா தைத்ததும் அந்த அக்கா தைத்ததும் ஒரே பெட்டியில்தான் கப்பல் ஏறப் போகுது. சந்தா பிடிக்கும்போது பார்க்காத வித்தியாசத்தை, சலுகை தரும்போது மட்டும் பார்ப்பது நியாயமா? சிந்திப்போம் நண்பர்களே!

– பதினொன்றாம் வகுப்பு மாணவி, ஆம்பூர்