சைக்கிள் விபத்தின் நீடித்த பாதிப்புகளை மருத்துவ ஆவணங்களில் முறையாகப் பதிவு செய்யக் கோரும் மனு

அனுப்புநர்:
சைக்கிளில் வேலைக்குச் சென்றுவரும் பனியன், விசைத்தறி, நூற்பாலைத் தொழிலாளர்களின் சங்கம்,
குண்டடம், தாராபுரம் வட்டம்.

பெறுநர்:
மாவட்ட ஆட்சியர் அவர்கள், திருப்பூர்.

நகல்: இணை இயக்குநர், மருத்துவம் மற்றும் ஊரக நலப்பணிகள்; முதல்வர், அரசு மருத்துவக் கல்லூரி, திருப்பூர்; மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலர்.

பொருள்: விபத்துக் காயத்தின் பின்விளைவுகளுக்கு உரிய ஐ.சி.டி. (பன்னாட்டு நோய் வகைப்பாட்டு) குறியீடுகளை எழுத உத்தரவிடக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மா,

பல்லடம்–தாராபுரம் சாலையிலும் அதில் வந்து சேரும் ஊர்ப் பாதைகளிலும் ஷிப்டுக்குச் சைக்கிள் மிதிப்பவர்கள் எங்கள் உறுப்பினர்கள். கம்பெனி வேன் ஏறும் இடம் வரைக்குமாவது சைக்கிள் வேண்டியிருக்கிறது. சாலை விளக்கு, சாலையோர மண் அரிப்பு பற்றித் தனியாக மனு கொடுப்போம். இந்த மனுவில் கேட்பது, அடிபட்டவரின் மருத்துவக் காகிதத்தில் இரண்டு வரி கூடுதலாக எழுத வேண்டும் என்பதே.

விபத்து நடந்தவுடன் காகிதத்துக்குக் குறைவில்லை. ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) காப்பி, எஃப்.ஐ.ஆர்., டிஸ்சார்ஜ் சம்மரி எல்லாம் கைக்கு வந்துவிடுகின்றன. 2021 டிசம்பரில் தொடங்கிய ‘இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48’ திட்டம் முதல் 48 மணி நேரச் சிகிச்சையின் பாரத்தை அரசே ஏற்க வழி செய்தது. அதற்கு நன்றி சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம். எங்கள் சிக்கல் அதற்கு அப்புறம் ஆரம்பிக்கிறது.

ஓவர்லாக் டெய்லர் ஒருவரை லாரி தட்டிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். தொடை எலும்பு முறிந்து, பிளேட் வைத்து, எலும்பும் கூடிவிடுகிறது. ஆனால் முழங்கால் முன்போல மடங்குவதில்லை. மெஷினில் பெடலை அழுத்தி அழுத்தி விட வேண்டிய வலது கால் அது. பீஸ் ரேட்டில் டெய்லராக இருந்தவர் கைமடி (உதவியாள்) வேலைக்கு இறங்குகிறார், கூலியும் இறங்குகிறது. ஓராண்டு கழித்து அரசு மருத்துவமனைக்குப் போனால் ஓ.பி. சீட்டில் ‘முழங்கால் வலி’ என்று எழுதி மாத்திரை தருகிறார்கள். அந்த வலிக்கும் லாரிக்கும் இருந்த தொடர்பு அந்தச் சீட்டோடு அறுந்துபோகிறது.

இதை எழுத இடம் இல்லாமல் இல்லை. உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி. 10ஆம் பதிப்பில் டி90 (T90) முதல் டி98 வரை காயம், நஞ்சு போன்றவற்றின் பின்விளைவுகளுக்கென்றே ஒதுக்கப்பட்டவை. தலைக்குள் பட்ட காயத்தின் பின்விளைவு டி90.5, தண்டுவடக் காயத்துடையது டி91.3, தொடை எலும்பு முறிவுடையது டி93.1. மேலே சொன்ன டெய்லருக்கு மூட்டு இறுக்கம் எம்25.6 என்றும், அது எதன் பின்விளைவு என்பதற்கு டி93.1 என்றும், மோட்டார் வாகன விபத்தால் வந்தது என்பதற்கு ஒய்85.0 என்றும் எழுதினால் கதை முழுதாகிவிடும். சைக்கிள்காரர் வண்டி எதுவும் மோதாமல் தானாகவே விழுந்திருந்தால் ஒய்85.9.

முழுதாகிவிடும் என்றோம், ஒரு ஓட்டை இருக்கிறது. ஒய்85 என்று எழுதியதும் ‘சைக்கிள்’ காணாமல் போய்விடுகிறது. காரில் போனவரும் சைக்கிளில் போனவரும் அங்கே ஒன்றுதான். சைக்கிள்காரர்களுக்குரிய வி10 முதல் வி19 வரையிலான குறியீடுகள் புதுக்காயத்துக்கு மட்டும் எழுதப்படுகின்றன. அமெரிக்காவில் பயன்படுத்தும் ஐ.சி.டி. வடிவத்தில் அதே குறியீட்டின் கடைசியில் ‘எஸ்’ என்ற எழுத்தைச் சேர்த்து, இது பழைய சைக்கிள் விபத்தின் பின்விளைவு என்று காட்டிவிடுகிறார்கள். இங்கே அந்த எழுத்து இல்லை. ஆகவே முதல் நாள் எழுதிய வி குறியீட்டை, லாரி அல்லது பஸ் மோதியிருந்தால் வி14.4, டூவீலர் மோதியிருந்தால் வி12.4 என, பின்னால் வரும் ஒவ்வொரு சீட்டிலும் அடைப்புக்குறிக்குள்ளாவது எழுத உத்தரவிட வேண்டுகிறோம். எதுவும் விசாரிக்காமல் வி19 என்று முடித்துவிடும் பழக்கமும் நிற்க வேண்டும். மோதியது எந்த வண்டி என்று கேட்க அரை நிமிடம் போதும்.

காலக்கெடு பற்றியும் சொல்ல வேண்டும். ஓராண்டு கடந்தால்தான் பின்விளைவு என்று சிலர் எங்களிடம் சொல்கிறார்கள். ஐ.சி.டி. குறிப்பு அப்படிச் சொல்லவில்லை: பின்விளைவு என்று மருத்துவர் குறிப்பிட்டவை, அல்லது காயம்பட்டு ஓராண்டுக்குப் பிறகும் இருப்பவை, இரண்டும் சேரும். விபத்து இழப்பீட்டு மனுவுக்கு 2022 ஏப்ரல் முதல் ஆறு மாதக் கெடு சட்டத்திலேயே இருக்கும்போது, நிலையான குறைபாடு என்று தெரிந்தவுடன் எழுதுவதே எங்களுக்குப் பயன்படும்.

இ.எஸ்.ஐ. சட்டத்தில் வேலைக்குப் போகும் வழியில் நேரும் விபத்தையும் வேலைக் காயமாகக் கருத 2010இல் திருத்தம் வந்தது. ‘முழங்கால் வலி’ என்ற சீட்டோடு போனால் மருத்துவக் குழு எதை வைத்து முடிவு செய்யும்? ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம், உடல் ஊன சதவீதமும் சம்பாதிக்கும் திறன் இழப்பும் ஒன்றல்ல என்று 2010இலேயே தெளிவாக்கியது. மாற்றுத்திறனாளிகளுக்கான அரசுச் சலுகைகள் பலவற்றுக்கு 40 சதவீதம் அளவுகோல். மடங்காத ஒரு முழங்கால் அந்தக் கோட்டைத் தொடாமலும் போகலாம். டெய்லருக்கு அதுவே தொழில் போன கணக்கு. எனவே ஊனச் சான்றிதழ் முகாமில் காரணம் என்ற இடத்தில் ‘சாலை விபத்து’ என்பதோடு நிறுத்தாமல், சைக்கிள், மோதிய வண்டி, செய்துவந்த வேலை மூன்றையும் எழுதச் சொல்ல வேண்டும்.

2022இல் நாட்டில் சாலை விபத்துகளில் 4,43,366 பேர் காயமடைந்ததாக மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் கணக்குச் சொன்னது. அவர்களில் எத்தனை பேர் இன்னும் நொண்டுகிறார்கள் என்பது அந்தக் கணக்கில் வராது. நம் மாவட்டத்துக்காவது அது தெரிந்தால் பிசியோதெரபிக்கு எங்கே ஆள் போட வேண்டும் என்பதும் தெரியும். குண்டடத்திலிருந்து பயிற்சிக்காக வாரம் இரண்டு முறை திருப்பூர் போய்வர ஒரு நாள் கூலி போகிறது. பலர் பாதியில் விட்டுவிடுகிறார்கள்.

மேற்கண்டவற்றோடு, அரசு மருத்துவமனைகளில் மருத்துவப் பதிவேடுகளைக் கையாளும் பணியாளர்களுக்கும் ஆரம்ப சுகாதார நிலைய மருத்துவர்களுக்கும் திருப்பூர் மருத்துவக் கல்லூரியில் ஒரு நாள் பயிற்சி நடத்தவும், டிஸ்சார்ஜ் சம்மரியின் கீழே குறியீட்டின் பொருளைத் தமிழில் ஒரு வரி அச்சிடவும், மனு மீது எடுத்த நடவடிக்கையை எழுத்துமூலம் எங்களுக்குத் தெரிவிக்கவும் பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
தலைவர், செயலாளர், பொருளாளர்
மற்றும் சங்க உறுப்பினர்கள்

இணைப்பு: உறுப்பினர்கள் கையெழுத்துப் பட்டியல்; பெயர் மறைத்த ஓ.பி. சீட்டு நகல்கள்.