சொம்புக்குள் என்னதான் இருக்கிறது?

நாட்டிலேயே பலமான காவல் எங்கே இருக்கிறது என்று நினைக்கிறீர்கள்? ரிசர்வ் வங்கியிலா? கிடையாது. அரிசியை இழுக்கும் இரிடியம் கலசம் தன்னிடம் இருப்பதாகச் சொல்கிறாரே, அந்த ஆசாமியின் வீட்டில்!

வெளியே கறுப்புத் துணி. அதற்குள் ஈயப் பெட்டி. பெட்டியைச் சுற்றி மந்திரக் கட்டு. கட்டை அவிழ்க்க ஒரு சாமியார். அவிழ்த்ததும் கதிர்வீச்சை அளக்க, விண்வெளி வீரர் மாதிரி உடுப்புப் போட்ட ஒரு 'விஞ்ஞானி'. ஒரு சொம்புக்கு பூதமும் காவல், மெஷினும் காவல்!

கதை உங்களுக்கும் தெரிந்திருக்கும். கோயில் கலசத்தில் இடி விழுந்ததாம், செம்பு இரிடியமாக மாறிவிட்டதாம், நாசா பல ஆயிரம் கோடிக்கு வாங்கக் காத்திருக்கிறதாம். டெஸ்ட் பண்ண மட்டும் 5 லட்சம் குறைகிறதாம்.

நான் படித்தது பி.காம். எனக்கு ஒரே ஒரு சந்தேகம். பல ஆயிரம் கோடி சொத்து வைத்திருப்பவருக்கு உங்கள் 5 லட்சம் எதற்கு?

தமிழ்நாடு முழுக்கச் சுற்றும் இந்தக் கதை வேலூர், ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கமும் காதில் விழுகிறது. அதுதான் தாங்கவில்லை. ஏனென்றால், சரக்கைப் பார்க்காமல் காசு கொடுக்காத ஊர் அது. ஒரு தோலைக் கையில் எடுத்தால் வெளிச்சத்தில் திருப்பிப் பார்ப்பார்கள். விரலால் தடவி, உண்ணி கடித்த தழும்பைக்கூடக் கண்டுபிடித்து விலையைக் குறைப்பார்கள். இங்கிருந்து ஐரோப்பாவுக்குப் போகிற ஷூவின் தோலில், ஆறு இணைதிறன் குரோமியம் கிலோவுக்கு 3 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. 2015 மே முதல் இதுதான் அங்கே சட்டம். லேப் ரிப்போர்ட் இல்லையென்றால் ஆர்டர் இல்லை. இத்தனை சோதனைக்குப் பழகிய ஊரில், துணியை விலக்காத சொம்புக்குப் பணம் கட்ட ஆள் கிடைக்கிறது என்றால் என்ன சொல்ல?

சரி, இரிடியம்தான் என்ன? 1803-ல் கண்டுபிடிக்கப்பட்ட உலோகம். பிளாட்டினத்தின் பங்காளி. ஸ்பார்க் பிளக்கில்கூட இருக்கிறது. உலகத்தில் ஆண்டுக்கு 7, 8 டன்தான் கிடைக்கும், பெரும்பகுதி தென்னாப்பிரிக்காவில். விலை உசத்திதான். ஆனால், அந்த விலை ரகசியமில்லை. தங்கம் மாதிரி தினமும் வெளியாகிறது. இயற்கையில் கிடைக்கிற இரிடியத்துக்குக் கதிர்வீச்சும் இல்லை, காந்த சக்தியும் இல்லை. அது உருக 2,446 டிகிரி வேண்டும். செம்புக்கு 1,085 போதும். இடி விழுந்தால் செம்பு உருகலாம், ஓட்டை விழலாம். இரிடியமாகாது. ஆகுமென்றால் மின்சார வாரியம் எப்போதோ கோடீஸ்வரனாகியிருக்கும்!

கதிர்வீசும் இரிடியமும் உண்டு. இரிடியம்-192 என்று பெயர். அணு உலையில் தயாராகி, புற்றுநோய் சிகிச்சைக்கும், வெல்டிங்கில் விரிசல் பார்க்கவும் போகிறது. அதை வைத்திருக்க அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்தின் லைசென்ஸ் வேண்டும். நிஜமான ஆபத்துக்கு நிஜமான பூட்டு. அங்கே எலுமிச்சம்பழத்துக்கு வேலையில்லை.

அப்படியானால் அரிசி எப்படி நகர்கிறது? அரிசியில் இரும்புத்தூள், சொம்புக்குள் காந்தம். தீர்ந்தது. எட்டாம் வகுப்புப் பையன் செய்து காட்டுவான்.

2014-ல் 'சதுரங்க வேட்டை' படம் இதைப் பிட்டுப் பிட்டு வைத்தது. தியேட்டரே சிரித்தது. 2018-ல் டெல்லியில் ஒரு தொழிலதிபரிடம் இதே சரக்கைக் காட்டி 1.43 கோடி கறந்த அப்பா-மகனைப் போலீஸ் பிடித்தது. அங்கேயும் கதிர்வீச்சு உடுப்பு, அங்கேயும் நாசா. 2025 செப்டம்பரில் நம்ம சி.பி.சி.ஐ.டி. இரிடியம் மோசடியில் பலரைக் கைது செய்தது. அதில் ரிசர்வ் வங்கி பெயரிலேயே போலி ஆவணங்கள்!

'பேராசைக்காரன், நல்லா வேணும்' என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். அது அயோக்கியத்தனம். முதலில் ஏமாறுகிறவர் முதலாளியாக இருக்கலாம். ஆனால் அவர் பங்கு சேர்க்கிறார். மச்சான், மேஸ்திரி, டிரைவர் என்று வரிசையாகத் தலையில் கை வைக்கிறார். கடைசியில் போவது, ஷூ கம்பெனியில் நாள் முழுக்க மேல்பாகம் தைக்கிற பெண்ணின் சீட்டுப் பணம். மகள் கல்யாணத்துக்கு வைத்தது. அவள் அந்தச் சொம்பைக் கனவில்கூடப் பார்த்ததில்லை. அவளா பேராசைக்காரி?

போன பிறகும் வாய் திறப்பதில்லை. ஏன்? கொடுத்தது கணக்கில் வராத ரொக்கம். ஸ்டேஷனுக்குப் போனால் 'ஏது பணம்?' என்று கேட்பார்களே! மோசடிக்காரனின் அசல் பாதுகாப்பு ஈயப் பெட்டியில் இல்லை சார், இந்தப் பயத்தில் இருக்கிறது. பணத்தை மறைத்தே பழகியவனிடம், மறைத்து வைத்த பொருளை விற்பது ரொம்ப சுலபம்.

ஆகவே, 'வீட்டுக்காரம்மாகிட்ட சொல்லாதீங்க, வெளியில தெரிஞ்சா சக்தி போயிடும்' என்று எவனாவது சொன்னால், அன்று ராத்திரியே வீட்டுக்காரம்மாவிடம் சொல்லுங்கள். ஏற்கெனவே ஏமாந்திருந்தால் புகார் கொடுங்கள். முன்பு 420, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 318. போலீஸும் புகார் கொடுப்பவனைப் பார்த்துச் சிரிப்பதை நிறுத்தட்டும்.

ஆட்டுத்தோலைத் தடவிப் பார்த்து வாங்குகிற ஊர், சொம்பையும் தடவிப் பார்த்துவிட்டுப் பேசட்டும். 'தொட்டால் ஆபத்து' என்பான். ஆமாம், அவனுக்கு!