ரொட்டி எந்திரமும் மார்த்தாளின் கைகளும்

தியானத்திற்கு: லூக்கா 10:38-42, மத்தேயு 13:33, யோவான் 21:9-13



நமது கண்ணமங்கலத்துச் சமையலறைகளில் சிலவற்றுக்கு அண்மைக்காலத்தில் ஒரு புதிய விருந்தாளி வந்திருக்கிறது. வெளியூரிலும் வெளிநாட்டிலும் வேலை செய்யும் பிள்ளைகள் விடுமுறைக்கு வரும்போது தாய்மாருக்கு வாங்கிவரும் ரொட்டி எந்திரம் அது. மாவையும் பாலையும் ஈஸ்டையும் அதன் பாத்திரத்தில் இட்டு மூடிவிட்டால், பிசைவதும் பொங்கவைப்பதும் சுடுவதும் அதன் பொறுப்பு. கோகோவும் பட்டையும் ஏலக்காயும் சேர்ந்த இனிப்பு ரொட்டி அதில் வேகும்போது எழும் நறுமணம் தெருமுனை வரை எட்டுகிறது.

அந்த ரொட்டியை உண்டுகொண்டே நம்மில் சிலர் ஒரு வார்த்தையையும் சொல்லிவிடுகிறோம்: “எந்திரம் பிசைந்த மாவு தானே! கையால் பிசைந்ததில் இருக்கும் அன்பு இதில் ஏது?” இது வேடிக்கையாகவே சொல்லப்படுகிறது. ஆனாலும் இந்தச் சொல்லுக்குள் ஓர் அநியாயம் ஒளிந்திருக்கிறது என்பது என் கருத்து. எந்திரத்தால் அன்பு குறைவதில்லை. அன்பை ஒரு ஸ்திரீயின் தோள்வலியால் அளக்கும் பழக்கமே நம்மிடத்தில் குறையாமல் இருக்கிறது. இந்த வாரம் அதைக்குறித்துச் சிந்திப்போம்.

முதலாவது, அந்த எந்திரம் உண்மையில் எதைச் செய்கிறது, எதைச் செய்வதில்லை என்று பார்ப்போம். பாத்திரத்தின் அடியில் ஒரு சிறு துடுப்பு சுழன்று மாவைப் பிசைகிறது. அதன்பின் மிதமான சூட்டில் மாவு பொங்குகிறது. நடுவே ஒரிரு முறை துடுப்பு மீண்டும் சுழன்று காற்றை இறக்குகிறது. இறுதியில் பாத்திரத்தைச் சுற்றியுள்ள கம்பி சூடேறி ரொட்டியைச் சுடுகிறது. இனிப்பு ரொட்டிக்கு இவையெல்லாம் முடிய ஏறக்குறைய மூன்று மணி நேரமாகும்.

ஆனால் எதை எவ்வளவு இட வேண்டும் என்பதை அது அறியாது. முந்நூறு கிராம் மைதாவுக்கு 200 மில்லி பால், 25 கிராம் கோகோ தூள், 50 கிராம் சர்க்கரை, 30 கிராம் வெண்ணெய், முக்கால் தேக்கரண்டி உப்பு, ஒன்றரைத் தேக்கரண்டி ஈஸ்ட் என்பது ஒரு நல்ல தொடக்கம். ஒரு தேக்கரண்டி பட்டைத்தூள், நான்கு ஏலக்காய், அரைத் தேக்கரண்டி சுக்குத்தூள், ஒரே ஒரு கிராம்பு மணத்திற்குப் போதும். “மணம் தூக்கலாக இருக்கட்டும்” என்று பட்டையையும் கிராம்பையும் அள்ளிப் போட்டால் மாவு பொங்காது. அவ்விரண்டிலும் உள்ள எண்ணெய்ப் பொருள்கள் ஈஸ்டை அடக்கிவிடும். சர்க்கரை மிகுந்தாலும் அது ஈஸ்டுக்கு வேண்டிய ஈரத்தை இழுத்துக்கொள்ளும். கோகோ தூளும் ஈரத்தை உறிஞ்சும் தன்மையுடையது. ஆகையால் பிசையத் தொடங்கிய பத்தாம் நிமிடத்தில் ஒருவர் மூடியைத் திறந்து பார்த்தாக வேண்டும். மாவு மிருதுவான ஓர் உருண்டையாகச் சுழன்றால் நல்லது. உதிரியாகக் கிடந்தால் ஒரு கரண்டி பால், பாத்திரத்தில் ஒட்டினால் ஒரு கரண்டி மாவு சேர்க்க வேண்டும்.

சாக்லேட் துண்டுகளை முதலிலேயே போட்டுவிட்டால் அவை நசுங்கி மறைந்துபோகும். எந்திரம் மணியடித்து அழைக்கும்போதுதான் சேர்க்க வேண்டும். சித்திரை, வைகாசி வெயிலில் பாலைக் குளிர்ந்த நிலையிலேயே ஊற்றுவது நலம். இல்லாவிடில் மாவு வேண்டுமளவுக்கு மேல் பொங்கிப் பின்பு நடுவில் அமுங்கிவிடும். நம் ஜவ்வாது மலைச் சாமையையும் சேர்க்க விரும்புவோர், மைதாவில் 50 கிராமைக் குறைத்து அந்த அளவுக்குச் சாமை மாவு சேர்க்கலாம். அதற்கு மிஞ்சினால் ரொட்டி எழும்பாது, ஏனெனில் மாவைப் பிடித்து நிறுத்தும் பசைத்தன்மை சாமைக்கு இல்லை. வெந்தவுடன் ரொட்டியை வெளியே எடுத்துவிட வேண்டும். உள்ளேயே விட்டால் ஆவி படிந்து மேற்பகுதி ஈரமாகிவிடும்.

இத்தனையையும் கவனிப்பது யார்? வீட்டுத் தாய் தான். எந்திரம் அவரிடமிருந்து வாங்கிக்கொண்டது கையின் உழைப்பை மாத்திரமே. அளவு, கவனம், பொறுமை, யாருக்குக் கொடுக்கலாம் என்ற நினைவு ஆகிய அனைத்தும் இன்னும் அவரிடமே இருக்கின்றன. அன்பு என்பது இவற்றில் இல்லையென்றால் வேறெதில் இருக்கிறது?

இரண்டாவது, எந்திரத்தின் பிசைதலும் ஒரு மனிதக் கையிலிருந்து கற்றுக்கொண்டதே. ஜப்பானின் ஒசாகாவில் மட்சுஷிடா நிறுவனம் 1980களில் வீட்டு ரொட்டி எந்திரத்தைச் செய்ய முயன்றபோது, அது சுட்ட ரொட்டி வெளியே கருகி உள்ளே வேகாமல் இருந்தது. மென்பொருள் பணியில் இருந்த இக்குகோ தனாகா என்ற பெண், ஒசாகா இன்டர்நேஷனல் ஹோட்டலின் தலைமை ரொட்டிக் கலைஞரிடம் மாணவியாகச் சேர்ந்தார். அந்தக் கலைஞர் மாவை இழுப்பதோடு முறுக்கவும் செய்கிறார் என்பதை அவர் தம் கையாலேயே செய்து கண்டுகொண்டார். அந்த முறுக்கை எந்திரத்தினுள் வரவழைப்பதற்காகப் பாத்திரத்தின் உட்புறத்தில் வரம்புகள் அமைக்கப்பட்டன. 1987ஆம் ஆண்டு அந்த எந்திரம் விற்பனைக்கு வந்தது. பின்னாளில் பானசோனிக் என்று பெயர் மாறியது அந்த நிறுவனமே. ஆகவே உங்கள் சமையலறையில் ஓடும் துடுப்புக்குப் பின்னால், பார்த்துப் பழகிக் கற்ற ஒரு கை இருக்கிறது.

மூன்றாவது, இந்தக் கேள்வி நமக்குப் புதியதன்று. மாவாட்ட ஆட்டுக்கல்லின் முன் நம் தாய்மார் மணிக்கணக்காய் அமர்ந்திருந்த காலம் ஒன்றிருந்தது. 1955ஆம் ஆண்டு கோயம்புத்தூரில் பி. சபாபதி என்பவர் மின்சாரத்தில் ஓடும் கிரைண்டரை உருவாக்கினார். இன்று கோயம்புத்தூர் கிரைண்டருக்குப் புவிசார் குறியீடே உண்டு. 2011இல் தமிழ்நாடு அரசு மிக்சி, கிரைண்டர், மின்விசிறி ஆகியவற்றை விலையின்றி வழங்கத் தொடங்கியபோது, அவை மலையடிவாரத்து வீடுகளையும் எட்டின. இன்று எவராவது இட்டிலியை உண்டுவிட்டு, “இது கிரைண்டர் மாவு, இதில் அன்பில்லை” என்று சொல்லுகிறோமா? ராகி திரித்த கல்லையே நம் பாட்டிமார் ‘ஏந்திரம்’ என்றுதான் அழைத்தார்கள். மத்தேயு 24ஆம் அதிகாரத்தில் இரண்டு ஸ்திரீகள் அரைத்துக்கொண்டிருக்கும் கல்லுக்கும் தமிழ் வேதாகமம் அதே சொல்லைத்தான் வைத்திருக்கிறது. அன்றைய ஏந்திரம் அன்பைக் கெடுக்கவில்லையென்றால், இன்றைய எந்திரமும் கெடுக்காது.

இங்கே ஆண்டவருடைய ஓர் உவமையை நாம் நிதானித்துப் பார்க்க வேண்டும். பரலோக ராஜ்யத்தை அவர், புளித்தமாவை மாவினுள் அடக்கிவைத்த ஒரு ஸ்திரீயின் செயலுக்கு ஒப்பிட்டார். தமிழில் “மூன்றுபடி” என்று வாசிக்கும்போது நம் மனக்கண்ணில் ஒரு சிறு பாத்திரம் தோன்றுகிறது. அக்காலத்து அளவு அப்படிப்பட்டதன்று. வேத அறிஞர் பலருடைய கணக்கின்படி அது ஏறக்குறைய 40 லிட்டர். எடையில் 20 கிலோவுக்கும் அதிகம். முந்நூறு கிராம் வீதம் நம் எந்திரத்தில் பிசைந்தால் அறுபது முறைக்கு மேல் பிசைய வேண்டியிருக்கும். ஆதியாகமம் 18ஆம் அதிகாரத்திலும் மூன்று விருந்தினருக்காகச் சாராள் பிசைய வேண்டியிருந்தது அதே மூன்றுபடிதான். ஆபிரகாம் தீவிரமாய்க் கூடாரத்துக்குள் சென்று மனைவியிடம் சொல்லிவிட்டு வந்தார். விருந்தினர் உண்கையில் அவர் மரத்தடியில் நின்றார். அவருடைய உபசரிப்பை நாம் தலைமுறை தலைமுறையாகப் புகழுகிறோம். அவ்வளவு மாவையும் பிசைந்த சாராளின் கைகளைக்குறித்து எத்தனை பிரசங்கங்களைக் கேட்டிருக்கிறோம்?

ஆனால், எந்திரம் வந்துவிட்டால் மாத்திரம் அந்தக் கைகளுக்கு இளைப்பாறுதல் கிடைத்துவிடும் என்று நான் சொல்லவில்லை. அமெரிக்க வரலாற்றாசிரியர் ரூத் ஷ்வார்ட்ஸ் கோவன் 1983இல் வெளியிட்ட தம் நூலில் ஒரு கசப்பான உண்மையை எடுத்துக்காட்டினார். வீட்டுக்கு எந்திரங்கள் வர வர, தாய்மாரிடம் எதிர்பார்க்கப்படும் வேலையின் அளவும் தரமும் கூடிக்கொண்டே போயின. அவர்களுடைய நேரம் மிஞ்சவில்லை. நம் நாட்டிலும் 2019ஆம் ஆண்டின் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, ஊதியமில்லாத வீட்டுவேலையில் ஈடுபட்ட பெண்கள் அதற்காக நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடங்களைச் செலவிட்டார்கள். அதில் ஈடுபட்ட ஆண்கள் செலவிட்டது 97 நிமிடங்கள். கிரைண்டரும் மிக்சியும் கேஸ் அடுப்பும் வந்த பின்னரே இந்த நிலை!

ரொட்டி எந்திரமும் அதே வழியில் போகக்கூடும். முன்பு கடையிலிருந்து வாங்கிய ரொட்டியை, “வீட்டில்தான் எந்திரம் இருக்கிறதே” என்று வாரம் மும்முறை கேட்கத் தொடங்குவோம். இன்று சாக்லேட், நாளை பேரீச்சை, மறுநாள் வந்த விருந்தினருக்கு வேறொன்று. பிசையும் வேலை எந்திரத்துக்குப் போனது; அளக்கும் வேலை, கழுவும் வேலை, காத்திருக்கும் வேலை எல்லாம் பெருகி அதே ஒருவர்மேல் விழும். அப்போது குற்றம் எந்திரத்தினுடையதா, நம்முடையதா?

பெத்தானியாவில் மார்த்தாள் பற்பல வேலைகளைச் செய்து வருத்தமடைந்தாள். தனக்கு உதவி வேண்டும் என்று வாய்விட்டே கேட்டாள். ஆண்டவர் அவளுடைய சமையலைப் பழிக்கவில்லை. அவளுடைய மனக்கலக்கத்தையே சுட்டிக்காட்டினார். பாதத்தருகே அமர்ந்து கேட்கும் பங்கு மரியாளிடமிருந்து எடுக்கப்படாது என்றும் உறுதியளித்தார். ஆனால் நாம் செய்வது என்ன? அன்பின் விருந்து நாட்களில் மேடையில் மார்த்தாளைக்குறித்து எச்சரித்துவிட்டு, ஆராதனை முடிந்ததும் பந்தியில் அமர்ந்து, மார்த்தாள்கள் பரிமாறக் காத்திருக்கிறோம். மரியாளின் பங்கு ஸ்திரீகளுக்குக் கிடைக்க வேண்டுமானால், மார்த்தாளின் பங்கில் ஒரு பகுதியை ஆண்கள் எடுத்துக்கொள்ள வேண்டும். வேறு வழியில்லை.

இதற்கு நமக்கு மாதிரி இல்லாமல் இல்லை. உயிர்த்தெழுந்த ஆண்டவர் திபேரியாக் கடற்கரையில் சீஷருக்குத் தரிசனமானபோது, அங்கே கரிநெருப்பும் அதன்மேல் மீனும், கூட அப்பமும் ஆயத்தமாயிருந்தன. இரவு முழுவதும் உழைத்துக் களைத்தவர்களை அவர் சாப்பிட அழைத்தார். தாமே எடுத்துக் கொடுத்தார். மரணத்தை வென்றவர் தமக்கு அடுப்படி தகாது என்று எண்ணவில்லை. நாம் மாத்திரம் ஏன் அப்படி எண்ண வேண்டும்?

ஆகையால் எந்திரம் உள்ள வீட்டாருக்கு என் ஆலோசனை இதுவே. அதை இயக்கும் முறையை வீட்டிலுள்ள அனைவரும் கற்றுக்கொள்ளுங்கள். ஐயாமார்களே, வாரத்தில் ஒரு நாளாவது நீங்களே மாவை அளந்து போடுங்கள். பத்தாம் நிமிடத்தில் மூடியைத் திறந்து பாருங்கள். துடுப்பையும் பாத்திரத்தையும் கழுவி வையுங்கள். அந்த மூன்று மணி நேரத்தில் அம்மாவுக்கு வேறொரு வேலையைத் தேடிக்கொடுக்காதிருங்கள். அவர் வேதம் வாசிக்கட்டும், உறங்கட்டும், தம் சகோதரியோடு தொலைபேசியில் பேசட்டும். எப்படிச் செலவிட்டாலும் அந்த நேரம் அவருடையது. எந்திரம் இல்லாத வீட்டார் இதற்காகக் கடன்பட வேண்டாம். ஒரு தெருவுக்கு ஒன்று இருந்தாலே முறைவைத்துப் பயன்படுத்தலாம். கையால் பிசைவதில் மகிழ்ச்சி காண்பவர்கள் தாராளமாய்ப் பிசையட்டும். அது விருப்பமாயிருக்கட்டும், கட்டாயமாக வேண்டாம்.

இன்னொன்றும் உண்டு. வீட்டில் சுட்ட ரொட்டியில் கெடாமல் காக்கும் மருந்து எதுவும் இல்லை. நம் ஊர் வெப்பத்தில் இரண்டு மூன்று நாட்களுக்குமேல் அது நில்லாது. சேர்த்துவைத்த மன்னா மறுநாள் கெட்டுப்போனதை இஸ்ரவேலர் கண்டார்களே! ஆகவே ரொட்டி ஆறியவுடன் துண்டு போட்டு, முதல் துண்டைப் பக்கத்து வீட்டில் தனியாயிருக்கும் முதியவருக்கு அனுப்புங்கள். பிள்ளைகள் கையில் கொடுத்தனுப்புங்கள், பையன்களையும் அனுப்புங்கள். எந்திரம் பிசைந்த ரொட்டியில் அன்பு இருக்கிறதா என்பதை அதை வாங்கிக்கொள்ளும் கைகள் சொல்லும்.

நம் அனுதின அப்பத்தைத் தருகிற ஆண்டவர், அதைப் பிசைகிற கைகளுக்கும் இளைப்பாறுதல் தருவாராக. அந்த இளைப்பாறுதலை நம் வீட்டில் கொடுக்க நமக்கு மனதைத் தருவாராக. ஆமென்.